எபிரேயர் தோத்திரங்களும் அவற்றைக் கற்கும் முறையும்

யாழ்ப்பாணத்துச் சைவ உபாத்தியாயர்களுக்கு யூதருடைய தோத்திரங்கள் முற்றும் புதியனவல்ல. ஸ்ரீலஸ்ரீ ஆறுமுக நாவலரவர்கள் தமது இளமையிலே பேர்சிவல் பாதிரியாருக்குத் துணையாயிருந்து விவிலிய நூலைத் தமிழிற் பெயர்த்த வரலாறு யாவரும் அறிந்ததே. அம்மொழிபெயர்ப்பு 1850ஆம் ஆண்டிலே அச்சாயிற்று. அதன்கண் சங்கீதங்கள் என்று பெயர் பெற்ற பகுதி எபிரேயருடைய தோத்திரங்கள் நூற்றைம்பதைக் கொண்டது. பின்னர் 1854இல் வெளிவந்த சைவதூஷண பரிகாரத்திலே, சைவாலயக் கிரியைகளை இகழ்ந்த பாதிரிமாருக்கு விடையாக, அவர்கள் வேதமெனக் கொண்ட நூலிலேயே இஸ்ரவேலருக்கு ஆலயமும் பலிபீடமும் தூபமும் தீபமும் திருவிழாவும் விதிக்கப்பட்டிருத்தலை நாவலரவர்கள் எடுத்துக் காட்டினார்கள்.

அவ்விடை அக்காலத்திற்கு இன்றியமையாததாயிருந்தது. ஆயினும் அதன்பின் நம்மவரிற் பலர் அந்த ஓர் உபயோகத்தோடே நின்றுவிட்டனர். பாதிரிமார் அப்பாடல்களைக் கிறிஸ்துவின் வரவை முன்னறிவிப்பனவாக வாசித்தனர். நம்மவர் வாதத்திற்கு வேண்டிய படைக்கலமாக வாசித்தனர். இவ்விரு வாசிப்பிலும், அவற்றை இரண்டாயிரம் ஆண்டுக்கு மேலாக நாடோறும் ஓதிவரும் யூதர் காணப்பட்டிலர். தேவாரத்தைப் பிறசமயத்தார் ஒருவர், ஓதுவார் இன்னார், ஓதுமிடம் இன்னது, பண் இன்னது என்று சிறிதும் வினாவாது, மொழிபெயர்ப்பை மாத்திரம் படித்துத் தீர்ப்புரைப்பாராயின், யாம் அதனை ஏற்றுக்கொள்வோமா? நாம் பிறரிடத்து எதிர்பார்க்கும் நடுவுநிலைமையை நாமும் பிறர் நூலிடத்துக் காட்டல் வேண்டும். சமயபாடம் கற்பிப்போர் பிறசமயத்தைப் பற்றி மாணாக்கர் வினாவும்போது விடைகூறக் கடமைப்பட்டவராதலின், இது அவர்க்குச் சிறப்பாக உரியது.

எபிரேயர் அந்நூலுக்கு இட்ட பெயர் தெஹில்லிம் என்பது. துதிகள் என்பது பொருள். ஐந்து பகுதியாக வகுக்கப்பட்டது. ஒவ்வொரு பகுதியும் இறைவனைப் புகழும் ஒரு முடிப்புரையோடு முடியும். எழுபத்துமூன்று பாடல்கள் தாவீது அரசன் பெயரைத் தலைப்பிற் கொண்டுள்ளன. அத்தலைப்புகள் பிற்காலத்தார் சேர்த்தவை என்பதும், பாடல்கள் ஒருவர் வாக்கல்ல, பல நூற்றாண்டுகளிற் பலர் வாக்கு என்பதும் இக்காலத்து ஆராய்ச்சியாளரிற் பெரும்பாலார் துணிபு. துதி என்று பெயர் பெற்றிருப்பினும் உள்ளே அழுகையே மிகுதி. நோயுற்றோன் முறையீடு, பொய்வழக்கிற் சிக்கினோன் ஓலம், தோல்வியுற்ற குடியின் புலம்பல் ஆகியன பலவுள. பாபிலோனுக்குச் சிறைப்பட்டுப் போனோர் பாட்டாகிய 137ஆம் சங்கீதம் அருளைப் பாடித் தொடங்காது நினைவையும் கண்ணீரையும் பாடித் தொடங்கிப் பகைவர் குழந்தைகள்மேற் கொடிய சாபத்தோடு முடிகின்றது. 109ஆம் சங்கீதமும் வசைமிக்கது. இவற்றைக் காட்டி அச்சமயத்தையே இழித்துரைத்தல் எளிது. இறைவன் முன்னிலையிலே தன் சினத்தையும் மறையாது வைக்கும் வழக்கம் அம்மக்களுக்கு இருந்தது என்று அறிதலே கற்றலாகும்.

இனிச் செய்யுளிலக்கணம். எபிரேயப் பழம்பாடலிலே நம் செய்யுட்போல எதுகை மோனை ஒழுங்காக வாரா. சீர் எண்ணிக்கையும் நம்முடைய யாப்பிற்போல வரையறைப்பட்டதன்று. பின் எதனாற் செய்யுளாயிற்று என்னும் வினாவிற்குத் தெளிவான விடை கூறியவர் உரோபேட் லௌத் என்னும் ஆங்கிலப் பண்டிதர். அவர் ஒக்ஸ்போட் சர்வகலாசாலையிலே இலத்தீன் மொழியிற் செய்த விரிவுரைகள் 1753இல் நூலாயின. எபிரேய அடி இரு கூறாய் அமைய, முற்கூறு சொன்ன பொருளைப் பிற்கூறு வேறு சொல்லால் மீண்டுஞ் சொல்லும். அல்லது அதற்கு மறுதலையைச் சொல்லும். அல்லது அதனை வளர்த்து முடிக்கும் என மூவகைப்படுத்தினார். ஓசையாலன்றிப் பொருளால் அடியைத் தொடுத்தலின், யாம் இதனைப் பொருட்டொடை எனலாம். முரண்டொடை சொல்லாலும் பொருளாலும் வருமென்று கற்ற தமிழாசிரியருக்கு லௌத் கூறிய இரண்டாவது வகை விளங்குதற்கு அரிதன்று.

லௌத் வகுத்த வகை இருநூறாண்டுக்கு மேல் பெருவழக்காய் வழங்கிற்று. 1981இல் ஜேம்ஸ் கூகல் என்னும் ஆராய்ச்சியாளர், பிற்கூறு முற்கூற்றை வாளா திரும்பச் சொல்லுவதன்று, அதனை இன்னும் கூர்மையாக்குவதே அதன் தொழில் என்று வாதித்தார். இரு கூறும் ஒன்றே என்று எண்ணி வாசிப்போர் அடியின் பிற்பாதியைக் கவனியாது விடுவர். கூகல் சொன்னபடி வாசிப்போர் அங்கேதான் உயிர்நிலை இருத்தலைக் காண்பர்.

பொருட்டொடைக்கு ஒரு நன்மையுண்டு: மொழிபெயர்ப்பிலே அது பெரும்பாலும் அழியாது. அழிவது வேறொன்று. எபிரேய நெடுங்கணக்கு இருபத்திரண்டு எழுத்துடையது. அவ்வெழுத்துக்களை முறையே அடிமுதலில் வைத்துப் பாடிய பாட்டுக்கள் பல. நம் சிறார் ஆத்திசூடியையும் கொன்றைவேந்தனையும் எழுத்து முறையே கற்றுக்கொள்ளுதல் போல்வது அது. ஆனால் எபிரேயர் அவ்வமைப்பை நீதிவாக்கியத்திற்கு மாத்திரமன்றித் தோத்திரத்திற்கும் புலம்பலுக்கும் கொண்டனர். 119ஆம் சங்கீதம் ஓரெழுத்துக்கு எட்டடி வீதம் 176 அடியுடையது. மொழிபெயர்ப்புகள் பலவற்றில் எழுத்தின் பெயர் மாத்திரம் தலைப்பாக நிற்கும். அதனை வாசிப்போர் அஃது ஏன் நிற்கின்றது என்று அறியார். எருசலேமின் அழிவைப் பாடிய புலம்பல் என்னும் நூல் ஐந்து அதிகாரமுடையது. முதல் நான்கும் எழுத்துமுறையின. மூன்றாவது ஓரெழுத்துக்கு மூன்றடியாக 66 அடி பெற்றுள்ளது. ஐந்தாவதோ இருபத்திரண்டு அடி கொண்டிருந்தும் எழுத்துமுறை பெறவில்லை. துயரத்திற்கு ஒரு வரம்பிட்டுப் பாடிய புலவன் இறுதியில் அவ்வரம்பையும் கைவிட்டான் போலும் என்று எமக்குத் தோன்றுகின்றது. இஃது எம் கருத்தேயன்றித் துணிந்த முடிபன்று.

இவ்வளவும் ஏட்டிற் காணப்படுவன. ஓதுமிடத்தை வினாவிய ஆராய்ச்சி பின்னர் வந்தது. செருமனியிலே எர்மன் குங்கல் என்பவர் (1862-1932), ஒவ்வொரு பாட்டும் எந்தச் சடங்கில், யார் வாயில், எக்காரணத்தாற் பிறந்தது என்று கேட்டு, துதி, முறையீடு, நன்றி முதலாக அவற்றை இனம் பிரித்தார். ஆலயம் இருந்த காலத்து வழக்கத்தை யூதரின் பழஞ் சட்டத் தொகுப்பாகிய மிஷ்னாவும் கூறுகின்றது. கி.பி. 200 அளவிலே தொகுக்கப்பட்ட அந்நூலின்படி, எருசலேம் ஆலயத்தில் நித்திய பலி நிகழும்போது லேவியர் என்னும் பாடகர் குலத்தார் நாளுக்கொரு பாட்டாக ஓதினர்: ஞாயிறு 24, திங்கள் 48, செவ்வாய் 82, புதன் 94, வியாழன் 81, வெள்ளி 93, சனிக்கிழமையாகிய ஓய்வுநாளில் 92. பெண்கள் பிராகாரத்தினின்று உட்பிராகாரத்திற்கு ஏறும் பதினைந்து படிகளையும், 120 முதல் 134 வரையுள்ள பதினைந்து ஏற்றப் பாடல்களையும் அந்நூல் ஒன்றோடொன்று இயைத்துக் கூறும்.

கி.பி. 70ஆம் ஆண்டிலே உரோமர் படை அவ்வாலயத்தை எரித்தது. பலி நின்றது, தீபம் நின்றது, லேவியர் பாட்டும் நின்றது. ஆலயக் கிரியையே வழிபாட்டின் நடுவாகக் கொண்ட ஒரு சமயம் ஆலயத்தை இழந்தபின் எவ்வாறு நிலைபெறும்? கோயில் இடிபட்ட வரலாற்றைத் தம் முன்னோர் வாயிலாகக் கேட்டறிந்த ஈழத்துச் சைவருக்கு இவ்வினாவின் கனம் சொல்லாமலே விளங்கும்.

யவ்னே என்னும் ஊரிலே கூடிய ஆசாரியர்கள் கண்ட விடை பிரார்த்தனை என்பது. ஷெமா எனப்படும் ஏகதெய்வ உரையும், நின்று சொல்லுதலால் அமீதா எனப்படும் பதினெட்டுத் துதிகளும் அதன் இரு தூண்களாயின. பதினெட்டையும் இரண்டாம் கமாலியேலின் முன்னிலையிலே சிமியோன் என்பவர் ஒழுங்குபடுத்தினார் என்று தல்மூத் கூறும். முதல் மூன்று புகழ்ச்சி, இறுதி மூன்று நன்றி முதலியன, இடையிலுள்ளவை வேண்டுகோள். வேண்டுகோளில் ஒன்று கூடியமையால் இப்பொழுது அவை பத்தொன்பது. பெயர் மாத்திரம் பதினெட்டென்றே வழங்கும். ஓய்வுநாளிலே வேண்டுகோள்களை விடுத்து அந்நாளின் புனிதத்தைப் போற்றும் ஒன்றை இடையில் வைத்து ஏழே சொல்லுவர். இரு பாதமும் சேர்த்து எருசலேமை நோக்கி நின்று முதலில் ஒவ்வொருவரும் மெல்லச் சொல்லுவர். பின் தலைவர் உரக்கச் சொல்லுவார். சொல்ல அறியாதவனும் அதனைக் கேட்டு ஆமேன் என்று கூறித் தன் கடன் கழித்தற்பொருட்டே இவ்விரண்டாம் முறை ஏற்பட்டது. காலைப் பிரார்த்தனை காலைப் பலிக்கும், பிற்பகற் பிரார்த்தனை பிற்பகற் பலிக்கும் ஈடு என்பது ஆசாரியருள் ஒரு சாரார் கொள்கை; ஆபிரகாம் முதலிய முன்னோரே அவற்றை ஏற்படுத்தினர் என்பது மறுசாரார் கொள்கை. பிரார்த்தனையை இருதயத்தின் ஊழியம் என்று தல்மூத் பெயரிட்டமை நினைவிற் கொள்ளத்தக்கது. ஊழியம் என்பது ஆலயத் திருத்தொண்டுக்கு வழங்கிய சொல்லேயாம்.

இவ்வேற்பாடு எதிர்ப்பின்றி நிகழ்ந்ததன்று. நாடோறும் பதினெட்டையும் சொல்லுக என்றார் கமாலியேல். சுருக்கிச் சொன்னாற் போதும் என்றார் யோசுவா. வாய்க்குச் சரளமாக வருவோன் முழுவதும் சொல்லுக, வாராதோன் சுருக்கிச் சொல்லுக என்று இடைநின்றார் அக்கிவா. எலியேசர் என்பவரோ வேரையே அசைத்தார்: பிரார்த்தனையை நிலையிட்ட கடமையாக்கிக்கொள்பவனுடைய பிரார்த்தனை இரப்பாகாது என்பது அவர் கருத்து. நிலையிட்டது என்பது கெவா. மனம் பொருந்துதல் கவ்வனா. இவ்விரு சொல்லும் யூதசமய நூல்களில் அன்றுதொட்டு ஒன்றையொன்று எதிர்நோக்கி நிற்பன. கெவா என்பது யாது என்று பிற்காலத்தார் ஆராய்ந்தபோது மூன்று விடை கூறினர்: பிரார்த்தனை தனக்குச் சுமையாகத் தோன்றுவது ஒன்று, இரப்போன் மொழியிற் சொல்லாமை ஒன்று, தன் சொல்லாகப் புதியதொன்றையும் சேர்க்கமாட்டாமை ஒன்று. இம்மூன்றையும் தல்மூத் ஒதுக்காது பதிந்துவைத்தது. தோற்ற கட்சியின் சொல்லையும் காத்துவைக்கும் இவ்வழக்கத்தை யாம் மிக மதிக்கின்றோம்.

காலையிலே பாடசாலையில் வரிசையாக நிறுத்தித் தேவாரம் ஓதுவிக்கும் உபாத்தியாயர் எலியேசரின் வார்த்தையை எளிதிற் கடந்துபோக இயலாது. பிள்ளைகள் ஓசைதவறாது ஓதுகின்றனர். பொருளை வினாவினால் விழிக்கின்றனர். ஆனால் அக்கிவாவின் வார்த்தையும் உடனே நினைக்கப்படல் வேண்டும். நாவிற் பழகிய பாட்டில்லாத பிள்ளைக்கு, துன்பம் வந்த காலத்திலே மனம் பொருந்திச் சொல்லுதற்குத்தான் யாதுளது?

மொழியைப் பற்றியும் அவர்கள் ஆராய்ந்தனர். ஷெமாவையும் அமீதாவையும் எம்மொழியிலும் சொல்லலாம் என்பது மிஷ்னாவின் விதி. விதி இவ்வாறாயினும் வழக்கத்தில் எபிரேயமே நின்றது. நாடுதோறும் சிதறிய மக்கள் பாரசீகமும் அரபும் இஸ்பானியமும் செருமனியமும் பேசினும், ஒரு ஜெபாலயத்தில் ஓதியது மற்றொரு ஜெபாலயத்தில் விளங்கியது அதனாலே.

அமீதாவின் முதல் வாசகம் யாது என்று தேடுவது 19ஆம் நூற்றாண்டிற் பெருமுயற்சியாயிருந்தது. சுன்சு என்பவர் தொடங்கிய அவ்வழியிலே எல்போகன் 1913இற் பெருநூல் எழுதினார். மாறுபட்ட பாடங்களை ஒத்துப்பார்த்து, மிகைகளைக் களைந்து, மூலத்தை அடையலாம் என்பது அவர்கள் நம்பிக்கை. யோசேப்பு ஐனமன் 1964இல் இதனை மறுத்தார். ஒரு மூலம் முதலில் இருந்ததில்லை; கருத்தும் முறையும் முடிப்பும் மாத்திரம் வரையறைப்பட்டிருக்க, ஜெபாலயந்தோறும் பலர் பலவாறு வாய்மொழியாகச் சொல்லினர்; பல வாசகங்கள் தொடக்கத்திலேயே உடன்வாழ்ந்தன என்றார். எசுரா பிளைஷர் என்பவர் 1990இல் ஐனமனை மறுத்து, யவ்னேயிலேயே திட்டமான வாசகம் விதிக்கப்பட்டது என்றார். சுவடி ஒப்புநோக்கிப் பாடபேதம் காணும் பயிற்சியுடைய நம் புலவர்களுக்கு இவ்வழக்கு மிக்க சுவை தரும்.

நிலையிட்ட வாசகத்தினுள்ளே புதியதைச் சேர்க்கும் வழி ஒன்று பலஸ்தீன நாட்டிலே தோன்றிற்று. அது பியூத் எனப்படும் வழிபாட்டுக் கவிதை. யோசே பென் யோசே, அவர்க்குப் பின் யன்னை, அவர்க்குப் பின் எலெயாசர் காலீர் என்போர் இவ்வகையில் முன்னோர். ஏறக்குறைய ஐந்தாம் நூற்றாண்டு முதல் ஏழாம் நூற்றாண்டுவரை இவர்கள் காலம் என்ப. அடியிறுதியில் ஒத்த ஓசை வரத் தொடர்ந்து பாடியவருள்ளும், அடிமுதல் எழுத்துக்களிலே தம் பெயர் தோன்றப் பாடியவருள்ளும் முதல்வராக அறியப்படுபவர் யன்னை. அவ்வவ்வாரம் ஓதப்படும் தோராப் பகுதியின் பொருளை எடுத்து, அமீதாவின் முதன்மூன்று துதிகளுக்கு இடையே பொருத்தி அவர் பாடினார்.

இந்த யன்னையின் வரலாறு வியப்பானது. நெடுங்காலம் அவர் பெயரன்றிப் பாட்டு ஏறக்குறைய முழுவதும் மறைந்திருந்தது. பழைய கெய்ரோவிலே பென் எசுரா என்னும் ஜெபாலயத்தில் கெனிசா எனப்படும் ஓர் அறையுண்டு. இறைவன் திருநாமம் எழுதப்பட்ட ஏட்டை எறிதலும் எரித்தலும் தகாவாகலின், சிதைந்த ஏடுகளை அதனுள் இடுவர். சொலமன் ஷெக்டர் என்னும் பேரறிஞர் 1896ஆம் ஆண்டின் இறுதியிலே அங்கே சென்று, அவ்வேடுகளை வாரிக் கேம்பிரிட்ஜ் சர்வகலாசாலைக்கு அனுப்பினார். அங்குள்ள துண்டுகள் இப்பொழுது ஏறக்குறைய 1,93,000 என்று எண்ணப்படுகின்றன. அவற்றுட் சில தோலேடுகளில் ஓர் எழுத்தைச் சுரண்டி நீக்கி அதன்மேல் வேறெழுத்து எழுதப்பட்டிருந்தது. கீழெழுத்து அக்கிலா என்பவர் இரண்டாம் நூற்றாண்டிற் செய்த கிரேக்க மொழிபெயர்ப்பு. அதனைப் பேர்க்கிற்று என்பவர் 1897இல் மகிழ்ச்சியோடு பதிப்பித்தார். மேலெழுத்தாகிய எபிரேயத்தை அக்காலத்துப் பிறர் பெரிதாகக் கருதவில்லை. இஸ்ரவேல் டேவிட்சன் என்பவரே அதனைப் பயின்று, அது யன்னையின் பாட்டென்று கண்டு, 1919இல் வெளியிட்டார். பின் 1938இல் மெனகெம் சூலை வேறு துண்டுகளினின்றும் திரட்டிப் பெருந்தொகுதி ஒன்று வெளியிட்டார். தில்லையிலே செல்லரித்த திருமுறையேடுகளை நினைந்து ஏங்கும் சைவருக்கு இதனைக் கேட்குந்தோறும் நெஞ்சம் நெகிழும்.

பியூத்தை எல்லாரும் புகழ்ந்தாரல்லர். இஸ்பானியாவிற் பிறந்த ஆபிரகாம் இபின் எசுரா, தாமும் பெரும்புலவராயிருந்தும், காலீருடைய பாட்டுக்களைக் கடுமையாகக் குறைகூறினார்: புதிர்போன்ற நடை, பிறமொழிச் சொற்கலப்பு, இலக்கணப் பிழை, பொருந்தாக் கதைகள் என. பிரார்த்தனை செய்வோன் தான் சொல்வதை அறிந்து சொல்லவேண்டும் என்பது அவர் நோக்கம். ஆயினும் காலீருடைய பாட்டுக்கள் ஐரோப்பிய யூதர் திருநாள் ஜெபநூல்களினின்று நீங்கவில்லை.

இறுதியாக ஒரு சிறு பாட்டை ஆசிரியர்கள் முழுமுறையிலும் கற்றுப் பார்க்கலாம்: 145ஆம் சங்கீதம். எழுத்துமுறையில் அமைந்த இதனைக் காலையில் இருமுறையும் பிற்பகலில் ஒருமுறையும் ஓதுவர். எழுத்து இருபத்திரண்டாக, அடி இருபத்தொன்றே. மீமுக்குப்பின் வரவேண்டிய நூன் என்னும் எழுத்தின் அடி இல்லை. தல்மூதிலே யோகனான் என்னும் ஆசாரியர் காரணங் கூறினார்: இஸ்ரவேல் விழுந்தாள் என்னும் ஆமோசு தீர்க்கதரிசியின் வாக்கு அவ்வெழுத்தில் தொடங்குதலின் பாடினோன் அதனை விடுத்தான் என்பது. மற்றோர் ஆசாரியர், அடுத்த எழுத்தாகிய சாமெக்கின் அடி விழுவாரைத் தாங்குதலைப் பாடுதலைக் காட்டி, அவ்வீழ்ச்சிக்கு உடனே ஆறுதலும் வைத்தான் என்றார். பண்டைக் கிரேக்க மொழிபெயர்ப்பிலோ அவ்வடி உளது. 1956இற் கும்ரானில் பதினோராம் குகையிலே கிடைத்து 1965இற் சாண்டர்ஸ் என்பவராற் பதிப்பிக்கப்பட்ட தோற்சுருளிலும் எபிரேயத்தில் அவ்வடி உளது. அன்றியும் ஒவ்வோர் அடிக்குப் பின்னும், கூட்டத்தார் விடையாகச் சொல்லியதுபோலும், ஒரே துதிவாசகம் திரும்பத் திரும்ப வருகின்றது. அந்த நூன் அடி மூலத்தது என்பார் சிலர். அதன் பிற்பாதி பதினேழாம் அடியின் பிற்பாதியோடு ஒன்றாதலையும், இறைவனைச் சுட்டிய பெயர் இப்பாட்டின் மற்றையடிகளிற் பெரிதும் வழங்கும் பெயரினின்று வேறாதலையும் காட்டி, இடைவெளியைப் பின்னோர் நிரப்பினர் என்பார் சிலர். இவ்வழக்கு இன்னும் முடியவில்லை. யூதர் ஜெபநூல்களிலே அப்பாட்டு இன்றும் இருபத்தோரடியாகவே அச்சிடப்படுகின்றது. நாடோறும் மும்முறை மீமுக்குப்பின் சாமெக்கே ஓதப்படுகின்றது.